தொலைவிலிருந்து நோக்கிய மானிடவியலாளர்: எஸ். ஜே. தம்பையாவின் ஆய்வுகளும் யாழ்ப்பாணச் சமூகத்தின் பண்பாட்டு அடையாளமும்

ஒரு சமூகம் தன்னைப் பற்றிக் கொண்டிருக்கும் கருத்துக்கும் அச்சமூகத்தின் நடைமுறை வாழ்வுக்குமிடையே இடைவெளி இருத்தல் இயல்பே. யாழ்ப்பாணக் குடாநாட்டைப் பொறுத்தவரையில் அவ்விடைவெளி சற்றுப் பெரிது. மாறாத மரபொன்றின் காவலர் என்று தம்மைக் கருதும் மக்கள், கடந்த இரு நூற்றாண்டுகளாக வெளியுலகத் தொடர்புகளால் இடையறாது மாறி வந்துள்ளனர். இன்று இம்மக்களின் உறவினர் வாழாத கண்டம் அரிது. பூகோளமயமாதலையும் பண்பாட்டு அடையாளத்தையும் பற்றிய விவாதம் எமக்கு வெறும் கோட்பாட்டு விவாதமன்று. வீட்டு முற்றத்து விவகாரமேயாகும்.

இவ்விவகாரத்தை விளங்கிக்கொள்வதற்குப் பயன்படத்தக்க கருவிகளைத் தந்தவர்களுள் ஒருவர் ஸ்ரான்லி ஜெயராஜா தம்பையா. உலக மானிடவியல் வரலாற்றில் அழியாத இடம்பெற்ற இவ்வீழத்துத் தமிழரின் ஆய்வுகள் தமிழ் வாசகரிடையே போதியளவு பேசப்பட்டனவல்ல. பேசப்பட்டபோதும், இனப்பிரச்சினை பற்றி அவர் எழுதிய நூல்கள் மட்டுமே, அதுவும் எமது தரப்பு வழக்குக்குச் சாட்சியமாகவே, எடுத்தாளப்பட்டன. அவருடைய ஆய்வு வாழ்வின் போக்கைச் சுருக்கமாக விளக்கி, அவ்வாய்வுகளிலிருந்து யாழ்ப்பாணச் சமூகத்தை நோக்குவதற்கு எவற்றைப் பெறலாம் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. கல்வியும் களமும்

தம்பையா 1929ஆம் ஆண்டு பிறந்தார். யாழ்ப்பாணத் தமிழ்க் கிறித்தவக் குடும்பமொன்றின் வழிவந்த அவர், கல்கிசைப் பரி. தோமாவின் கல்லூரியிற் கற்று, இலங்கைப் பல்கலைக்கழகத்தில் 1951இல் பட்டம்பெற்றார். அமெரிக்காவிலுள்ள கோர்ணெல் பல்கலைக்கழகத்தில் 1954இல் கலாநிதிப் பட்டம் பெற்றுத் திரும்பி, இலங்கைப் பல்கலைக்கழகத்திலே சமூகவியல் விரிவுரையாளராகப் பணியாற்றினார்.

அக்காலப்பகுதியில் அவர் மேற்கொண்ட ஆய்வுகள் இரண்டினை இங்கு குறிப்பிடல் வேண்டும். ஒன்று, 1870 முதல் 1946 வரையில் இலங்கையின் உயர் நிருவாக சேவைகளில் இனக்குழுக்கள் பெற்றிருந்த இடத்தைப் பற்றி 1955இல் வெளியான கட்டுரை. மற்றையது, என். கே. சர்க்காருடன் இணைந்து கண்டிப் பிரதேசத்துப் பாத்ததும்பறைக் கிராமங்களில் நடத்திய பொருளாதார ஆய்வு. இது 1957இல் 'சிதைவுறும் கிராமம்' என்னும் பொருள்படும் தலைப்பில் நூலாயிற்று. காணியும் தொழிலும் உத்தியோகமும் எவ்வாறு பங்கிடப்படுகின்றன என்பதை அறியாமல் இனம், சாதி, சமயம் பற்றிப் பேசுவதிற் பயனில்லை என்பதை இவ்விரு ஆய்வுகளும் உணர்த்துகின்றன. பிற்காலத்திற் கோட்பாட்டுத் தளத்தில் அவர் வெகுதூரம் சென்றபோதும் இவ்வடித்தளத்தை விட்டு விலகினாரல்லர்.

1956ஆம் ஆண்டு யூன் மாதத்தில் சிங்களத்தை மட்டும் அரசகரும மொழியாக்கும் சட்டம் நிறைவேறியபோது, தம்பையா தம் மாணவருடன் கல்லோயாக் குடியேற்றத் திட்டப் பகுதியிற் கள ஆய்வு நடத்திக்கொண்டிருந்தார். அங்கு வெடித்த வன்செயலை அவர் அருகிருந்து அறிய நேர்ந்தது. ஆய்வுக்குரிய 'மக்கள்' சில மணிநேரத்தில் 'கும்பல்' ஆகும் விந்தையை நாற்பது ஆண்டுகளின் பின்னரே அவர் விரிவான ஆய்வுப்பொருளாக்கினார். எனினும் அவருடைய வாழ்வின் திசையை மாற்றிய நிகழ்வுகளுள் அதுவும் ஒன்று. 1960இல் யுனெஸ்கோ நிபுணராகத் தாய்லாந்து சென்ற அவர், பின்னர் இலங்கையில் நிலையாகப் பணியாற்றவில்லை. 1963 முதல் சுமார் பத்தாண்டுகள் கேம்பிறிட்ஜிலும், 1973 முதல் சிக்காகோவிலும், 1976 முதல் 2001 வரை ஹாவர்ட்டிலும் கற்பித்தார். 1997இல் பல்சான் பரிசும் ஹக்ஸ்லி நினைவுப் பதக்கமும், 1998இல் ஃபுக்குவோக்கா ஆசியப் பண்பாட்டுப் பரிசும் அவரை வந்தடைந்தன. 2014 சனவரியில் அவர் காலமானார்.

2. தாய்லாந்து தந்த பார்வை

தமிழராகிய ஒருவர் தேரவாத பௌத்தத்தின் தலையாய ஆய்வாளராகியமை தற்செயல் அன்று எனக் கருத இடமுண்டு. இலங்கையிற் பௌத்தம் அரசியலின் மையத்துக்கு வந்துகொண்டிருந்த காலத்தில், அதே சமயம் வேறோர் அரசிலும் சமுதாயத்திலும் எவ்வாறு வாழ்கின்றது என்பதை அவர் ஆராய்ந்தார். வடகிழக்குத் தாய்லாந்தின் பான் பிரான் முவன் என்னும் கிராமத்தை மையமாகக் கொண்டு 1970இல் வெளியான நூல், ஒரு கிராமத்தில் விகாரை வழிபாடும் ஆவி வழிபாடும் ஒரே ஒழுங்கின் பகுதிகளாக இயங்குவதைக் காட்டிற்று. 1976இல் வெளியான நூல் பௌத்த அரசுக்கும் சங்கத்துக்கும் இடையிலான உறவை அசோகர் காலந்தொட்டு ஆராய்ந்தது. 1984இல் வெளியான நூல் வனவாசித் துறவிகளையும் அவர்தம் பெயராற் பரவிய தாயத்துகளையும் பற்றியது. காட்டிலே துறவு பூண்டவரின் அருள், நகரத்து வணிகர், இராணுவ அதிகாரிகள் முதலியோரின் கழுத்துத் தாயத்தாகி விலைக்கு வரும் வினோதத்தை அதிற் காணலாம்.

இவ்வாய்வுகளின் வழி அவர் உருவாக்கிய கருத்துகளுள் இரண்டு எமக்கு இன்றியமையாதவை.

முதலாவது, மண்டல அரசமைப்புப் பற்றியது. தென்கிழக்காசியாவின் பண்டைய இராச்சியங்கள் திட்டவட்டமான எல்லைக்கோடுகள் கொண்டவையல்ல. மையத்தில் ஓர் அரசும் அதனைச் சூழ்ந்து அதன் சிறு பிரதிகளாக வேறு அரசுகளும், விண்மீன் மண்டலம்போல விரிந்தும் சுருங்கியும் இயங்கின. மையத்திலிருந்து விலக விலக அதிகாரம் மங்கும். விளிம்பிலுள்ளது பிறிதொரு மையத்தை நோக்கிச் சாயவுங்கூடும். பழைய இலங்கையையும் இவ்வாறு நோக்கலாம் என்று பின்னர் அவர் வாதிட்டார். எல்லை வகுத்து, அதற்குள் ஒரே இனம், ஒரே மொழி, ஒரே அதிகாரம் என்று கோரும் அரசு அண்மைக்காலத்துக்குரியது. அதனைப் பழைய வரலாற்றின்மீது ஏற்றிப் படிப்பது தவறு என்பது இதன் உட்கிடை.

இரண்டாவது, சடங்கு பற்றியது. சடங்கு என்பது நம்பிக்கையொன்றின் வெளிப்பாடு மட்டுமன்று. அது ஒரு செயல். திரும்பச் செய்தல், வரையறுத்த முறைமை, பல்வேறு ஊடகங்களை ஒன்றுசேர்த்தல் ஆகியவற்றின் வாயிலாக, பங்கெடுப்போரிடையே ஓர் உறவையும் படிநிலையையும் அது ஆக்கித் தருகின்றது. திருவிழாவில் யார் வடம் பிடிப்பது, யாருக்கு முதற்காளாஞ்சி என்பவை சமூகத்தின் 'சின்னங்கள்' மாத்திரமல்ல. அவ்விடத்திலேயே சமூகம் நிகழ்த்தப்படுகின்றது. யாழ்ப்பாணத்துக் கோயில் வழக்குகளை அறிந்தோருக்கு இதனை விரித்துரைக்க வேண்டியதில்லை.

3. அடையாளம் ஆக்கப்படும் முறை

1983 யூலை வன்செயல்களின் பின்னர் தம்பையா தாம் விட்டுவந்த நாட்டை மீண்டும் ஆய்வுப்பொருளாக்கினார். 1986, 1992, 1996 ஆகிய ஆண்டுகளில் அடுத்தடுத்து மூன்று நூல்கள் வெளிவந்தன. முதலாவது நூல், சிங்கள–தமிழ்ப் பகைமை ஈராயிரம் ஆண்டுப் பழமையுடையதென்னும் கூற்றை மறுத்து, அது பெரும்பாலும் இருபதாம் நூற்றாண்டின் அரசியல், கல்வி, வேலைவாய்ப்பு ஆகியவற்றின் விளைபொருள் என நிறுவ முயன்றது. இரண்டாவது, பௌத்தம் அரசியற்படுத்தப்பட்ட வரலாற்றை ஆராய்ந்து தென்னிலங்கையிற் கடும் எதிர்ப்பைச் சந்தித்தது. மூன்றாவது, இலங்கை, இந்தியா, பாகிஸ்தான் ஆகிய நாடுகளின் இனவன்செயல்களை ஒப்பிட்டு நோக்கியது. 1883 கொட்டாஞ்சேனைக் கலவரம், 1915 சிங்கள–முஸ்லிம் கலவரம், 1984இல் டில்லியில் சீக்கியருக்கெதிராக நடந்த வன்செயல், கராச்சிக் கலவரங்கள் என்பன அதில் ஆராயப்பட்டன.

இம்மூன்றாவது நூலில் அவர் முன்வைத்த இரு கருத்துகளைக் குவியப்படுத்தல், மதிப்புமாற்றம் எனத் தமிழிற் சுட்டலாம். சந்தையிலோ கோயில் வீதியிலோ இருவரிடையே ஒரு தகராறு எழுகின்றது. அதற்குக் கடன், காணி, காதல், குடிவெறி என ஏதோ ஒரு காரணம் உண்டு. செய்தி பரவுந்தோறும் இக்காரணங்கள் உரிந்து விழுகின்றன. இன்னாரை இன்னார் அடித்தார் என்பது, 'அவர்கள் எங்களை அடித்தார்கள்' என்றாகிவிடுகின்றது. இது குவியப்படுத்தல். அதன்பின், அந்நிகழ்வு மொழி, மதம், இனம், தாயகம் முதலிய நிலையான பெரும் இலட்சியமொன்றின் பகுதியாகப் பொருள்கொள்ளப்படுகின்றது. இது மதிப்புமாற்றம். இவ்விரண்டும் நிகழ்ந்த பின்னர் தொடக்கத் தகராறு எதுவென்று எவரும் வினவுவதில்லை. எதிர்த்திசையில், மேலிருந்து வரும் பெருமுழக்கங்கள் ஊர்ப் பகைகளாற் கைப்பற்றப்பட்டு, ஒவ்வொருவரும் தத்தம் கணக்கைத் தீர்க்கும் சந்தர்ப்பமாவதும் உண்டு.

இனவடையாளம் பிறப்போடு வரும் மாறாப் பொருள் என்ற கொள்கையும், அது தலைவர்கள் தம் நலனுக்காகப் புனைந்த பொய் என்ற கொள்கையும் ஆகிய இரண்டையும் இவ்விளக்கம் கடக்கின்றது. அடையாளம் ஆக்கப்படுவது உண்மை. ஆக்கப்பட்ட பின்னர் அது மக்களை உண்மையாகவே ஆட்கொள்வதும் உண்மை.

4. யாழ்ப்பாணமும் உலகும்

இப்பார்வையோடு யாழ்ப்பாண வரலாற்றை நோக்குமிடத்து, 'மரபு' எனப்படுவதிற் பெரும்பகுதி உலகத் தொடர்பினூடாகவே உருப்பெற்றமை புலனாகும். குடாநாட்டுப் புகையிலை திருவிதாங்கூருக்கு ஏற்றுமதியாயிற்று. வல்வெட்டித்துறையிற் கட்டப்பட்ட 'அன்னபூரணி' என்னும் பாய்க்கப்பல் 1938இல் அமெரிக்காவின் குளோஸ்ரர் துறைமுகத்தை அடைந்தது. 1816இல் அமெரிக்க மிஷனரிமார் வந்தனர். 1823இல் வட்டுக்கோட்டைச் செமினரி தொடங்கிற்று. 1841இல் 'உதயதாரகை' வெளிவந்தது. மிஷனுக்கு எதிராக எழுந்த ஆறுமுக நாவலரின் சைவ இயக்கம் 1848இற் பாடசாலையையும் 1849இல் அச்சுக்கூடத்தையும் நிறுவிற்று. பாடசாலை, அச்சியந்திரம், பிரசங்கம், துண்டுப்பிரசுரம் ஆகிய மிஷனின் கருவிகளைக் கொண்டே மிஷன் எதிர்க்கப்பட்டது. எமது சைவத் தமிழ் அடையாளத்தின் நவீன வடிவம் அப்போராட்டத்திலேயே வார்க்கப்பட்டது என்பது நாவலரின் பெருமையைக் குறைப்பதன்று. ஓர் அடையாளம் எவ்வாறு ஆக்கப்படுகின்றது என்பதற்கு அது சிறந்த உதாரணமாகும்.

ஆங்கிலக் கல்வி பெற்றோர் மலாயாவுக்கும் கொழும்புக்கும் உத்தியோகம் பார்க்கச் சென்றனர். மணியோடர் வந்த வீடுகளிற் கல்வீடு எழும்பியது. கோயில்கள் திருப்பணி கண்டன. 1983இன் பின்னர் இப்போக்கு அளவாலும் தன்மையாலும் மாறிற்று. உத்தியோகத்துக்காகப் போய் ஓய்வூதியத்தோடு திரும்பிய தலைமுறைக்குப் பதிலாக, உயிர் காக்க ஓடித் திரும்ப வழியற்றுப்போன தலைமுறை தோன்றிற்று. கனடா, பிரித்தானியா, பிரான்சு, யேர்மனி, சுவிற்சர்லாந்து, நோர்வே, அவுஸ்திரேலியா எனக் குடும்பங்கள் சிதறின.

2000ஆம் ஆண்டிலே தம்பையா எழுதிய ஒரு கட்டுரை நாடுகடந்த இயக்கங்களையும் புலம்பெயர் சமூகங்களையும் பற்றியது. மக்கள், மூலதனம், தகவல் என்னும் மூன்றும் நாட்டெல்லைகளைக் கடந்து பாய்வதை அதில் ஆராய்ந்த அவர், புலம்பெயர்ந்தோரின் உறவுகளை இருவகைப்படுத்தினார். குடியேறிய நாட்டின் நிறுவனங்களோடும் பெரும்பான்மைச் சமூகத்தோடும் கொள்ளும் உறவு செங்குத்தானது. பிறந்த ஊரோடும் பிற நாடுகளிற் சிதறிய தம்மவரோடும் கொள்ளும் உறவு கிடையானது. இவை ஒன்றையொன்று அழிப்பதில்லை. ரொறன்ரோவில் வீட்டுக்கடன் செலுத்தும் ஒருவர் அதே மாதத்தில் ஊர்க்கோயிலின் இராசகோபுரத்துக்கும் பணம் அனுப்புகின்றார்.

யேர்மனியின் ஹம் நகரில் 2002இற் குடமுழுக்குக் கண்ட காமாட்சி அம்பாள் ஆலயத்தின் தேர்த்திருவிழாவை நினைத்துக்கொள்வோம். ஐரோப்பாவின் பல பகுதிகளிலிருந்தும் அங்கு கூடுவோர், அவ்வூர் வீதியிற் தேரிழுக்கும் செயலினூடாகவே 'நாம்' ஆகின்றனர். நல்லூர்த் திருவிழாவின் இருபத்தைந்து நாள்கள் பெரும்பாலும் மேலைநாட்டுப் பள்ளி விடுமுறைக் காலத்தோடு பொருந்துவதால், புலம்பெயர்ந்தோரின் வருடாந்தத் திரும்புதலுக்குரிய காலமாகவும் அது அமைந்துவிட்டது. சடங்கு பழையதே, அது ஆக்கித் தரும் சமூகம் புதியது.

5. சீதனம்: ஓர் உதாரணம்

பூகோளமயமாதல் பண்பாட்டை அழிக்கும் என்றோ வளர்க்கும் என்றோ பொதுப்படக் கூறுவது ஆய்வாகாது. குறித்தவொரு வழக்கத்தைத் தொடர்ந்து சென்று பார்த்தல் வேண்டும். 1973இல் ஜக் கூடியுடன் இணைந்து வெளியிட்ட நூலில் தம்பையா தென்னாசியாவின் சீதன முறைகளை ஆராய்ந்தார். மணமகன் தரப்பார் மணமகள் தரப்பாருக்குக் கொடுக்கும் பரியம் ஆண்களுக்கிடையே சுழல்வது. சீதனமோ பெற்றோர் உயிருடன் இருக்கையிலேயே மகளுக்குச் சேரும் அவளது சொத்துரிமை என்பது அவ்வாய்வின் அடிப்படை.

இதற்கு யாழ்ப்பாணத்துத் தேசவழமை தெளிவான எடுத்துக்காட்டு. ஒல்லாந்தர் ஆட்சியில் கிளாஸ் ஐசாக்ஸ் என்னும் திசாவையினால் தொகுக்கப்பட்டு 1707இல் நடைமுறைக்கு வந்த இச்சட்டத்தொகுப்பு, சொத்தை முதுசம், சீதனம், தேடியதேட்டம் எனப் பகுத்தது. தாயின் சீதனம் பெண்மக்களுக்குச் செல்வது பழைய முறை. 1911ஆம் ஆண்டுக் கட்டளைச்சட்டம் இதிற் பல மாற்றங்களைச் செய்தது. மனைவி தன் அசையாச் சொத்தைப் பராதீனப்படுத்தக் கணவனின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும் என்பது அதன் விதிகளுள் ஒன்று. உரிமை அவளது, ஆளுகை அவளது மட்டுமன்று.

வெளிநாட்டுப் பணம் இம்முறைக்குள் நுழைந்தபோது நிகழ்ந்தது யாது? சீதனம் மறையவில்லை. காணியும் வீடுமாயிருந்தது ரொக்கமாயிற்று. மணமகளுக்குச் சேரவேண்டிய பங்குக்கு மேலாக, 'டொனேசன்' என்று பேச்சுவழக்கிற் கூறப்படும் தொகை மணமகன் வீட்டாருக்குச் சென்றது. அத்தொகை பல வேளைகளில் மணமகனின் சகோதரியின் சீதனத்துக்கு உதவிற்று. தம்பையாவின் வகைப்பாட்டிற் கூறுவதாயின், பெண்ணின் சொத்துரிமை என்னும் பெயரின் கீழ், குடும்பங்களுக்கிடையே சுழலும் ஒரு நிதி உருவாயிற்று. தங்கையரை 'கரைசேர்க்க' வெளிநாட்டிற் பனியிலும் இரவு வேலையிலும் உழைத்த தமையன்மாரின் வாழ்க்கை இந்நிதியின் மறுபக்கமாகும். மரபு அழிந்தது என்று வருந்துவோரும் மரபு நிலைத்தது என்று மகிழ்வோரும் ஒருங்கே காணத் தவறுவது இதனையே: பெயர் மாறாதிருக்க, பொருளும் பயனும் மாறிவிட்டன, சுமை மட்டும் பெண்ணைப் பெற்ற வீட்டை விட்டு அகலவில்லை.

6. கருவியை எம்மீது திருப்புதல்

தம்பையாவின் ஆய்வுகளிற் குறைபாடுகள் இல்லாமலில்லை. யாழ்ப்பாணக் கிராமமொன்றில் நீண்டகாலக் கள ஆய்வு செய்து அவர் எழுதினாரல்லர். சிங்கள பௌத்தத் தேசியவாதத்தின் ஆக்கத்தை நுணுக்கமாக ஆராய்ந்த அளவுக்கு, தமிழ்த் தேசியவாதத்தின் உள்முரண்களை, குறிப்பாகச் சாதியை, அவர் ஆராயவில்லை. குடாநாட்டுச் சாதியமைப்பைப் பற்றி மைக்கல் பாங்ஸ், கெனத் டேவிட், பிறையன் பஃபன்பேகர் ஆகிய பிறநாட்டார் எழுதினர். தெல்லிப்பழைத் துர்க்கையம்மன் வழிபாட்டினூடாகச் சமூகமாற்றத்தை ஆராய்ந்த பேராசிரியர் என். சண்முகலிங்கனின் நூல் 2002இல் வந்தது. போரினால் இடம்பெயர்ந்த தமிழரையும் வடபுல முஸ்லிம்களையும் ஒருங்கே ஆராய்ந்த சாரிக்கா திராணகமவின் நூல் 2011இல் வந்தது.

ஆயினும் அவர் விட்ட இடைவெளியை நிரப்புவதற்கு வேண்டிய கருவிகளை அவரே தந்துள்ளார். 1966 அக்டோபர் 21இல் சுன்னாகத்திற் புறப்பட்ட ஊர்வலத்தோடு எழுச்சிபெற்ற தீண்டாமை எதிர்ப்புப் போராட்டம், 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலை அடைந்தது. 1957ஆம் ஆண்டுச் சமூகக் குறைபாடுகள் தடைச் சட்டம் ஏற்கெனவே நடைமுறையில் இருந்தது. தமிழர் உரிமை பேசிய முன்னாட் பேராசிரியர் சி. சுந்தரலிங்கம் ஆலயப் பிரவேசத்தை எதிர்த்து நின்றார். ஒரு சாராரின் வழிபாட்டு உரிமை பற்றிய கோரிக்கை, 'சைவத்தின் தூய்மை', 'தமிழரின் ஒற்றுமை' என்னும் பெருவிடயங்களாக எவ்வாறு உருமாற்றப்பட்டது? மதிப்புமாற்றம் என்னும் கருத்து இதற்கு ஒளி தருகின்றது.

1990 அக்டோபரில் வடமாகாண முஸ்லிம் மக்கள் தமிழீழ விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம்களுக்கு அம்மாதம் 30ஆம் நாள் வழங்கப்பட்ட அவகாசம் சில மணிநேரமே. தலைமுறை தலைமுறையாகத் தமிழ் பேசி, அடுத்த தெருவில் வாழ்ந்து, கடை நடத்திய மனிதர், அவரவர் பெயரும் தொழிலும் உறவும் உரிந்துபோய், 'அவர்கள்' என்னும் ஒரு சொல்லாக்கப்பட்டனர். 1956இல் கல்லோயாவிலும் 1983இல் கொழும்பிலும் எமக்கு நேர்ந்ததை விளக்கும் கோட்பாடு, 1990இல் எம் பெயரால் நிகழ்ந்ததையும் விளக்கும். முதலிரண்டுக்கும் அதனை ஏற்று மூன்றாவதற்கு மறுப்பது ஆய்வறமாகாது.

இந்நிலையில் எம்முன் உள்ள பணிகள் இரண்டு. தம்பையாவின் முக்கிய கட்டுரைகளேனும், கலைச்சொற்களிற் கவனத்தோடு, தமிழிற் பெயர்க்கப்படல் வேண்டும். ஒப்பியல் நோக்குடன் கூடிய கள ஆய்வுகள் குடாநாட்டின் கிராமங்களிலும், அக்கிராமங்களின் நீட்சிகளாக வெளிநாட்டு நகரங்களில் இயங்கும் ஊர்ச்சங்கங்களிலும் கோயில்களிலும் மேற்கொள்ளப்படல் வேண்டும். ஊர்ச்சங்கம் அனுப்பும் பணம் எந்தக் குறிச்சிக்குச் செல்கின்றது, எந்தக் குறிச்சிக்குச் செல்வதில்லை. எந்தப் பாடசாலை கட்டடம் பெறுகின்றது, எது பெறுவதில்லை. மீளத் திரும்பிய முஸ்லிம் குடும்பம் தன் காணியை எவ்வாறு பெறுகின்றது என்னும் வினாக்கள் எளியவை போலத் தோன்றுவன. காணியும் தொழிலும் உத்தியோகமும் பங்கிடப்படும் முறையிலிருந்து தொடங்கிய பாத்ததும்பறை ஆய்வாளரின் வழியும் அதுவேயாகும். பண்பாட்டு அடையாளம் பற்றி மேடைகளிற் பேசப்படுவனவற்றுள் எவை நிலைக்கத்தக்கன என்பதை இவ்வினாக்களுக்குக் கிடைக்கும் விடைகளே தீர்மானிக்கும்.